அரண்மனை இரகசியங்களும் அவற்றைச் சுமக்கும் பெண்களும்

அரண்மனைக்குள் நடந்த ஒரு கொலை. பிறந்த அன்றே மாறிப்போன ஒரு குழந்தை. குகைக்குள் ஒளித்து வைக்கப்பட்ட ஒரு மகுடம். யார் கண்ணிலும் படக்கூடாத ஓர் ஓலை. இவற்றில் ஏதாவது ஒன்று கதையில் வந்துவிட்டால், அடுப்பில் சோறு குழைந்ததும் தெரியாமல் வாசித்துக்கொண்டிருப்பவர்கள் நம்மில் எத்தனை பேர்! அரச குடும்பத்து இரகசியங்களையும் வரலாற்றில் நடந்த ஏமாற்றுக்களையும் வைத்துப் பின்னப்பட்ட மர்ம நாவல்களுக்குப் பெண்கள் மத்தியில் என்றும் ஒரு தனி இடம் உண்டு. இதனை வெறும் பொழுதுபோக்கு வாசிப்பு என்று ஒதுக்கிவிடுபவர்களும் இருக்கிறார்கள். அவர்களோடு நான் உடன்படுவதில்லை.

வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் பெண்களுக்கான இரண்டு வாசிப்பு வட்டங்களை எனது சமூகப் பணியின் ஒரு பகுதியாக நடத்தி வருகிறேன். வெள்ளவத்தை வட்டத்தில் ஓய்வுபெற்ற ஆசிரியைகளும், பிள்ளைகள் வெளிநாட்டில் இருக்கத் தொடர்மாடி வீடுகளில் தனித்து வாழும் தாய்மாரும் அதிகம். கொட்டாஞ்சேனை வட்டத்தில் தையல் வேலை செய்பவர்கள், கடைகளில் நிற்பவர்கள், வீட்டிலிருந்து சாப்பாட்டுப் பார்சல் கட்டிக் கொடுப்பவர்கள் என்று பலர். இரு வட்டங்களிலும் பெண்கள் விரும்பிக் கேட்ட நூல் ஒன்றேதான். 2022 செப்டெம்பரிலும் 2023 ஏப்ரலிலும் மணிரத்தினத்தின் இரண்டு திரைப்படங்கள் வந்த பின்னர், "படத்திலே சொன்னது போதாது, புத்தகத்தையே வாசிக்க வேணும்" என்று எல்லோரும் கேட்டது கல்கியின் பொன்னியின் செல்வனை.

ஐந்து பாகங்களையும் வாசித்து முடிக்க எங்களுக்கு ஓராண்டுக்கு மேல் ஆனது. அந்த வாசிப்பிலும் அதைத் தொடர்ந்த உரையாடல்களிலும் எனக்கு ஒன்று தெளிவானது. இத்தகைய நாவல்களில் இரகசியம் அரசர்களைப் பற்றியது. ஆனால் அதைச் சுமப்பவள் எப்போதும் ஒரு பெண். அவள் பேச முடியாதவளாகவோ பேச விடப்படாதவளாகவோ இருக்கிறாள். இதைக் கவனித்து வாசித்தால் இந்த நாவல்கள் நம் வீடுகளைப் பற்றியும் நமக்கு நிறையச் சொல்லும்.

எங்களுக்குப் பழகிய வாசிப்பு

தமிழின் முதல் வரலாற்று நாவலை எழுதியவர் ஓர் இலங்கையர் என்பது எங்கள் வட்டத்தில் பலருக்கும் புதிய செய்தியாக இருந்தது. திருகோணமலையைச் சேர்ந்த த. சரவணமுத்துப்பிள்ளை எழுதிய 'மோகனாங்கி' 1895 இல் வெளிவந்தது. மதுரைச் சொக்கநாத நாயக்கரையும் தஞ்சை அரசகுமாரியான மோகனாங்கியையும் சுற்றிய கதை அது. அதே சரவணமுத்துப்பிள்ளைதான் 1892 இல் பெண் விடுதலையைப் பேசும் 'தத்தைவிடு தூது' என்னும் செய்யுள் நூலையும் எழுதியவர். வரலாற்றுக் கதையும் பெண்ணின் நிலை பற்றிய அக்கறையும் ஒரே கையிலிருந்து பிறந்தன என்பது குறிப்பிடத்தக்கது.

பின்னர் வந்தவர் கல்கி. 'பார்த்திபன் கனவு', 'சிவகாமியின் சபதம்' ஆகியவற்றுக்குப் பிறகு 1950 முதல் 1954 வரை கல்கி வார இதழில் பொன்னியின் செல்வனைத் தொடராக எழுதினார். மூன்றரை ஆண்டுகள், கிழமைதோறும். ஒவ்வொரு அத்தியாயமும் ஏதோ ஒரு கேள்வியைக் கையில் தந்துவிட்டு நின்றுவிடும். பதிலுக்கு ஏழு நாள் காத்திருக்க வேண்டும். வெள்ளவத்தை வட்டத்தில் உள்ள எண்பது வயதைக் கடந்த ஓர் அம்மா, தன் தாயார் அந்தப் பக்கங்களைக் கவனமாகக் கிழித்தெடுத்து ஊசி நூலால் தைத்து அட்டை போட்டு வைத்திருந்ததை நினைவுகூர்ந்தார். "கப்பலிலே புத்தகம் பிந்தி வந்தால் வீட்டிலே ஆருக்கும் நித்திரை வராது, தங்கச்சி" என்றார். 1970களில் இந்தியச் சஞ்சிகைகளின் இறக்குமதி கட்டுப்படுத்தப்பட்ட காலத்தில் அப்படித் தைத்து வைத்த கட்டுக்கள்தான் வீடு வீடாகக் கைமாறின.

சாண்டில்யனின் 'யவன ராணி'யும் 'கடல் புறா'வும், அகிலனின் 'வேங்கையின் மைந்த'னும், பொன்னியின் செல்வனின் கதையைத் தொடர்ந்து விக்கிரமன் எழுதிய 'நந்திபுரத்து நாயகி'யும் இந்தப் பாதையில் வந்தவையே. மாறுவேடம், ஒற்றர், மறைந்திருக்கும் வாரிசு, பழி தீர்க்கும் சதி என்பனவே இவற்றின் சமையற் சாமான்கள். கொழும்புத் தமிழ்ச் சங்க நூலகத்திலிருந்து இன்றும் வெள்ளவத்தைப் பெண்கள் இவற்றை இரவல் எடுத்து வருகிறார்கள்.

கல்லில் இருப்பதும் கதையில் இருப்பதும்

பொன்னியின் செல்வனின் நடுவில் இருப்பது ஓர் உண்மைக் கொலை. சுந்தர சோழரின் மூத்த மகனும் பட்டத்து இளவரசனுமாகிய ஆதித்த கரிகாலன் கொல்லப்பட்டான். ஏறத்தாழ 970 ஆம் ஆண்டை ஒட்டி இது நடந்தது. இதற்குச் சான்றாக இருப்பது தமிழ்நாட்டின் காட்டுமன்னார்கோயிலில் உள்ள உடையார்குடி அனந்தீசுவரர் கோயிற் கல்வெட்டு. முதலாம் இராசராசனின் இரண்டாம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. கரிகாலனைக் கொன்ற துரோகிகள் என்று சோமன், இரவிதாசன், பரமேசுவரன் முதலிய சகோதரர்களின் பெயர்களை அது சொல்கிறது. அவர்களில் இருவர் அரசாங்கத்தில் உயர்ந்த பட்டம் பெற்றிருந்தவர்கள் என்பதும் பெயர்களிலிருந்து தெரிகிறது.

வட்டத்தில் நான் இந்தக் கல்வெட்டின் செய்தியை விளக்கியபோது எல்லோரும் அமைதியாகிவிட்ட இடம் ஒன்றுண்டு. அரச ஆணை அந்தச் சகோதரர்களின் சொத்தோடு நிற்கவில்லை. அவர்களுடைய பிள்ளைகள், மனைவியர், பெற்ற தாய்மார், தாய்மாமன்மார், பெண் கொடுத்த மாமன்மார், அவர்களுடைய சகோதரிகளை மணந்தவர்கள், பிள்ளைகளை மணந்தவர்கள் என்று உறவு முழுவதையும் அது தொட்டது. எங்கோ ஒரு வீட்டில், அண்ணன் செய்த குற்றத்துக்காகத் தன் கணவனின் காணி போவதைப் பார்த்துக்கொண்டு ஒரு தங்கை நின்றிருப்பாள். கல்வெட்டு அந்தப் பெண்களை உறவு முறையால் குறிக்கிறது. 

கொலைக்குப் பின்னணியில் யார் இருந்தார்கள்? வரலாற்றாசிரியர் கே. ஏ. நீலகண்ட சாஸ்திரியார், கரிகாலனுக்குப் பின் அரசேறிய உத்தம சோழர் மீது ஐயம் கொண்டார். கொலையாளிகள் மீதான இந்த நடவடிக்கை இராசராசன் காலத்தில்தான் தெரிய வருகிறது என்பது அதற்கு ஒரு காரணம். தி. வை. சதாசிவ பண்டாரத்தார் அதை மறுத்தார். உத்தமர் குற்றவாளியாக இருந்தால் மக்கள் விரும்பிய இராசராசன் அவருக்கு அமைதியாக வழிவிட்டிருப்பாரா என்பது மறுப்பாளரின் வாதம். சிற்றப்பன் அரசாட்சியை விரும்பும்வரை அருள்மொழி அதனை மனத்தாலும் விரும்பவில்லை என்று திருவாலங்காட்டுச் செப்பேடு கூறுகிறது.

இந்த இடத்தில்தான் நாவலாசிரியருக்கு ஒரு சிக்கல். கதையில் மதுராந்தகன் பேராசை கொண்டவனாக, சதிகாரர்களின் கைப்பொம்மையாக வருகிறான். அப்படிப்பட்டவனுக்குக் கதாநாயகன் நாட்டைக் கொடுத்தால் வாசகர் மனம் ஏற்காது. கொடுக்காவிட்டால் வரலாறு ஏற்காது. கல்கி ஒரு குழந்தையை மாற்றிவைத்துச் சிக்கலை அவிழ்த்தார். அரண்மனையில் வளர்ந்த மதுராந்தகன் செம்பியன் மாதேவியின் பிள்ளையே அல்ல. உண்மையான பிள்ளை தஞ்சையில் பூமாலை கட்டிக் கோயிலுக்குக் கொடுக்கும் சேந்தன் அமுதன். அவனே உத்தம சோழனாக முடிசூடுகிறான் என்று முடித்தார். மர்ம நாவலாசிரியர் என்ற வகையில் அவருடைய திறமைக்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

ஆனால் செம்பியன் மாதேவியின் கல்வெட்டுக்களைப் பாருங்கள். இளம் வயதிலேயே கணவர் கண்டராதித்தரை இழந்து, பல ஆண்டுகள் வாழ்ந்து, செங்கல்லால் கட்டப்பட்டிருந்த பல கோயில்களைக் கற்றளிகளாக மாற்றிய பேரரசி அவர். உத்தம சோழரைத் திருவயிற்றில் தாங்கிய பிராட்டியார் என்ற பொருளிலேயே அவரைக் கல்வெட்டுக்கள் திரும்பத் திரும்ப அழைக்கின்றன. அவர் தம் அடையாளமாகக் கல்லில் பதித்தது தம் தாய்மையை. நாவல் அந்தத் தாய்மையை ஒரு திருப்பத்துக்காக இடம் மாற்றிவிட்டது. கதை என்ற அளவில் அது நியாயமே. ஆனால் இன்று அவர் பெயரைச் சொன்னால் "பிள்ளை மாறிப்போன இராணி" என்றே பலர் நினைக்கிறார்கள். கதையை மட்டும் அறிந்தவர்கள் வாயிலாக ஓர் உண்மைப் பெண்ணின் வரலாறு எவ்வளவு எளிதாக மாறிவிடுகிறது!

பேச முடியாத சகோதரிகள்

கதைக்குள் திரும்புவோம். குழந்தை மாறிய இரகசியம் யாருக்குத் தெரியும்? மந்தாகினிக்கும் அவள் தங்கை வாணிக்கும் தெரியும். இருவரும் வாய் பேச முடியாதவர்கள். இறந்துவிட்டதென்று நினைத்துப் புதைக்கக் கொடுத்த அரச குழந்தை உயிரோடிருப்பதைக் கண்டு வளர்த்தவள் வாணி. தன் இரட்டைக் குழந்தைகளைப் பிரிந்து, ஈழத்துக் கடலோரத் தீவுகளிலும் காடுகளிலும் அலைந்தவள் மந்தாகினி. அருள்மொழியைக் காவிரியிலிருந்து தூக்கிக் காப்பாற்றியவள் அவளே. கடைசியில் சுந்தர சோழரைக் குறிவைத்து எறிந்த வேலைத் தன் உடலில் வாங்கி இறப்பவளும் அவளே.

இந்தப் பகுதியை வாசித்த அன்று கொட்டாஞ்சேனை வட்டத்தில் ஒரு தையற்காரப் பெண் எழுந்து கேட்டார்: "மிஸ், இவங்க ரெண்டு பேருக்கும் வாய் இருந்திருந்தா கதை முதல் புத்தகத்திலயே முடிஞ்சிருக்கும் இல்லையா?" எல்லோரும் சிரித்தோம். சிரித்து முடித்த பின் அதுவே அன்றைய கலந்துரையாடலின் பொருளாயிற்று.

ஏனெனில் பேசக்கூடிய ஒருவருக்கும் பாதி உண்மை தெரியும். முதன்மந்திரி அநிருத்த பிரமராயர், மந்தாகினி கடலில் விழுந்து இறந்துவிட்டாள் என்று சுந்தர சோழரை நம்ப வைத்தவர். அவள் காப்பாற்றப்பட்டது அவருக்குத் தெரியும். அரசின் நலன் கருதி மறைத்தார். அவர் பேசியிருந்தால் சுந்தர சோழர் இருபது வருடங்களுக்கு மேல் குற்ற உணர்வில் வெந்திருக்க மாட்டார். வாயுள்ள ஆண் மௌனம் காத்தால் அது இராஜதந்திரம். வாயில்லாத பெண் மௌனமாக இருந்தால் அது தியாகம். இந்தக் கணக்கு நம் சமூகத்துக்குப் புதியதல்ல.

நந்தினியின் நிலை இன்னொரு வகை. அவள் நன்றாகப் பேசுவாள். ஆனால் தன் தாய் யார், தந்தை யார் என்பதை மற்றவர்கள் ஆளுக்கொரு விதமாக முடிவு செய்கிறார்கள். அவள் சுந்தர சோழரின் மகள், ஆகவே தங்களுக்குச் சகோதரி என்று குந்தவை நம்புகிறாள். அந்தத் தவறான செய்தி கரிகாலனுக்கும் போய்ச் சேர்ந்து அவனை உள்ளுக்குள் உடைக்கிறது. பிறப்பின் உண்மையை மறைத்ததால் ஒரு தலைமுறையே சிதைகிறது. நந்தினியை "வில்லி" என்று பேசுகிற வழக்கம் உண்டு. எங்கள் வட்டத்துப் பெண்கள் அப்படிப் பார்க்கவில்லை. "அவவுக்கு ஆராவது நேரத்துக்கு உண்மையைச் சொல்லியிருக்கலாம்" என்பதே பொதுவான கருத்தாக இருந்தது.

எங்கள் தீவின் மறைக்கப்பட்ட பிள்ளை

இதெல்லாம் கற்பனை என்று தள்ளிவிட முடியாதபடி உண்மை வரலாற்றிலும் மறைக்கப்பட்ட பிள்ளைகள் இருக்கிறார்கள். சோழர்களிடம் தோற்ற பாண்டிய மன்னன் ஒருவன் தன் மகுடத்தையும் குலச் சின்னங்களையும் இலங்கை அரசனிடம் ஒப்படைத்துச் சென்றான். அவற்றைத் தேடிப் பல தலைமுறைகளாகச் சோழப் படைகள் இங்கு வந்தன. மகாவம்சத்தின் தொடர்ச்சியான சூளவம்சம் இதைச் சொல்கிறது. முதலாம் இராசேந்திரனின் மெய்க்கீர்த்தி, இலங்கை அரசனின் முடியையும் அவன் தேவியரின் முடியையும் பாண்டியன் வைத்துச் சென்ற முடியையும் கைப்பற்றியதாகப் பெருமை பேசுகிறது. 1963 ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதமி விருது பெற்ற வேங்கையின் மைந்தன் இந்த மகுடத்தைச் சுற்றிய கதைதான்.

1017 அளவில் ஐந்தாம் மகிந்தனும் அவன் அரசியும் சிறைப்பிடிக்கப்பட்டுச் சோழ நாட்டுக்குக் கொண்டு செல்லப்பட்டார்கள். மகிந்தன் அங்கேயே இறந்தான். அவனுடைய மகன் காசியப்பனை மக்கள் சோழருக்குத் தெரியாமல் இரகசியமாக வளர்த்தார்கள் என்றும், பிள்ளைக்குப் பன்னிரண்டு வயதானபோது செய்தி வெளியாகி அவனைப் பிடிக்கப் பெரும்படை வந்தது என்றும் சூளவம்சம் கூறுகிறது. தாயும் தகப்பனும் கடலுக்கு அப்பால் சிறையில் இருக்கையில் அந்தக் குழந்தைக்குச் சோறூட்டியவள் யார்? அழுதால் படைக்குக் கேட்டுவிடுமே என்று இரவுகளில் மார்போடு அணைத்துக்கொண்டவள் யார்? அவர்களுடைய பெயர் நம்மிடம் இல்லை.

இன்னொன்றையும் சொல்கிறேன். மோகனாங்கி நாவலின் பின்னணியான தஞ்சை நாயக்கர் ஆட்சி 1673 இல் முடிவுக்கு வந்தது. மதுரைப் படை கோட்டைக்குள் நுழைந்தபோது தஞ்சை விசயராகவ நாயக்கர் போரில் இறந்தார். அவருடைய ஏற்பாட்டின்படி அந்தப்புரப் பெண்கள் வெடிமருந்தால் அழிக்கப்பட்டார்கள். செங்கமலதாசன் என்னும் அரச குழந்தையை மட்டும் ஒரு செவிலித் தாய் நாகபட்டினத்துக்கு எடுத்துச் சென்று காப்பாற்றினாள். அவனை ஒரு வணிகர் வளர்த்தார். பின்னர் அவனுக்கு அரசுரிமை வேண்டி வந்த படையின் தலைவர் ஏகோசியே தஞ்சையைத் தமதாக்கிக்கொண்டார். அரசர்கள், தளபதிகள் பெயர்களெல்லாம் நூல்களில் இருக்கின்றன. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடியவள் "செவிலி" என்ற ஒரு சொல்லாகவே நிற்கிறாள்.

புனைவு சான்றாக வேடமிட்டால்

இரகசியக் கதைகளில் இன்னோர் ஆபத்தும் உண்டு. 2003 இல் வெளிவந்த டான் பிரவுனின் 'டாவின்சி கோட்' நாவலை அறிந்திருப்பீர்கள். ஒரு புனிதப் பரம்பரையின் இரத்தம் பிரான்சின் பழைய அரச வம்சத்தில் கலந்திருப்பதாகவும் அதை ஓர் இரகசியச் சங்கம் காத்து வருவதாகவும் அதன் கதை போகிறது. 2006 இல் திரைப்படமாக வந்தபோது கத்தோலிக்க ஆயர்களின் வேண்டுகோளை அடுத்து இலங்கையில் அது தடைசெய்யப்பட்டது. புனித லூசியாள் பேராலயத்தின் நிழலில் வாழும் கொட்டாஞ்சேனைப் பெண்கள் பலருக்கு அந்த நாட்கள் நினைவிலிருக்கின்றன.

தடையைவிடப் பயனுள்ளது அந்தக் கதையின் மூலத்தை அறிவது என்பது என் எண்ணம். அந்த "இரகசியச் சங்கம்" பியர் பிளான்டார் என்ற பிரெஞ்சுக்காரர் 1956 இல் பதிவு செய்த ஒரு சிறு சங்கம். தாமே பழைய அரச வம்சத்தின் வாரிசு என்று காட்டுவதற்காகப் போலி ஆவணங்கள் தயாரிக்கப்பட்டு 1960களில் பாரிஸ் தேசிய நூலகத்தில் சேர்க்கப்பட்டன. நூலகத்தில் இருக்கிறதே என்று நம்பியவர்கள் ஏமாந்தார்கள். ஆவணம் இருந்தால் மட்டும் போதாது. அதை யார், எப்போது, எதற்காக உண்டாக்கினார் என்றும் கேட்க வேண்டும்.

நம் நாட்டிலும் அப்படிக் கேட்க வேண்டிய கதைகள் உண்டு. கண்டியின் கடைசி அரசன் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் 1815 இல் பிடிக்கப்பட்டு, கொழும்பில் வைக்கப்பட்டு, 1816 ஜனவரியில் இந்தியாவுக்கு நாடுகடத்தப்பட்டான். அவன் கொடுங்கோலன் என்ற பிம்பத்தை உருவாக்கியதில் ஆங்கிலேயரின் அரசியற் தேவைக்குப் பெரும் பங்கு உண்டு என்று மானிடவியல் பேராசிரியர் கணநாத் ஒபேசேகர 2017 இல் வெளியிட்ட நூலில் விரிவாக வாதிட்டார். 1814 இல் பிள்ளைகளுடன் கொல்லப்பட்ட எகலப்பொல குமாரிஹாமியின் துயரம் இருநூறு ஆண்டுகளாகப் பலர் வாயால் சொல்லப்பட்டு வருகிறது. அந்தத் தாயின் சொல்லை நாம் யாரும் கேட்டதில்லை.

வீட்டுக்குள் இருக்கும் இரகசியங்கள்

பிள்ளை மாற்றம் அரண்மனைக் கதைகளில் மட்டும் நடப்பது என்று நினைக்க வேண்டாம். 1970கள் முதல் 1990கள் வரை இலங்கையிலிருந்து ஆயிரக்கணக்கான குழந்தைகள் ஐரோப்பிய நாடுகளுக்குத் தத்துக் கொடுக்கப்பட்டார்கள். அவற்றில் பல, போலிப் பத்திரங்களோடு நடந்தவை. பெற்ற தாய் போல வந்து நிற்பதற்கென்றே காசு கொடுத்து வேறு பெண்களைக் கொண்டுவந்தார்கள். 2017 இல் நெதர்லாந்துத் தொலைக்காட்சியின் ஆவண நிகழ்ச்சி ஒன்று இதை வெளிக்கொண்டு வந்தது. சுவிட்சர்லாந்து அரசு 2020 இல் தன் பக்கத் தவறுகளை ஏற்று வருத்தம் தெரிவித்தது. நெதர்லாந்து 2021 இல் விசாரணைக் குழுவின் அறிக்கையை அடுத்து வெளிநாட்டுத் தத்தெடுப்புக்களை இடைநிறுத்தியது. வளர்ந்துவிட்ட அந்தப் பிள்ளைகள் இன்று மரபணுப் பரிசோதனையுடன் இங்கு வந்து தாயைத் தேடுகிறார்கள். கையிலுள்ள பத்திரத்திலிருக்கும் பெயர் உண்மையான தாயின் பெயர்தானா என்பதே அவர்களுக்குத் தெரியாது.

யுத்த காலத்தில் உறவினர் பிள்ளைகளைத் தம் பிள்ளைகளாக வளர்த்த பெண்களும் நம்மிடையே பலர். பிள்ளைகளைச் சட்டப்படி தத்தெடுப்பதற்கான கட்டளைச் சட்டம் 1941 இலிருந்தே இருந்தபோதும், ஓடிக்கொண்டிருந்தவர்களுக்கு நீதிமன்றம் போக ஏது நேரம்? எங்கள் வட்டத்தில் அப்படி ஒரு தாய் இருக்கிறார். அவரின் அனுமதியோடு, அடையாளங்களை மாற்றி எழுதுகிறேன். 1995 இடப்பெயர்வின் பின் இறந்துபோன தங்கையின் கைக்குழந்தையைத் தன் மகளாகவே பதிந்து வளர்த்தவர். மகளுக்குத் திருமணம் பேசத் தொடங்கியபோது இரகசியம் அவரை உறுத்தியது. செம்பியன் மாதேவி தான் வளர்த்தவனிடம் உண்மையைச் சொல்லும் இடத்தை வாசித்த கிழமை என்னிடம் தனியாக வந்தார்.

"பிள்ளை, நான் இப்ப சொன்னால் அவள் என்னை விட்டிட்டுப் போயிடுவாளோ?" என்று கேட்டார்.

சொல்லுங்கள் என்றோ சொல்ல வேண்டாம் என்றோ நான் கூறவில்லை. எப்போது, எங்கே, யாரை அருகில் வைத்துக்கொண்டு சொன்னால் மகளுக்குத் தாங்க முடியும் என்று இருவரும் சில வாரங்கள் பேசினோம். குடும்பத்தில் மூத்த ஒருவர் வாயிலாகவோ கோபத்தில் வந்த ஒரு சொல்லாலோ அந்தப் பிள்ளை அறிவதைவிட, வளர்த்த தாயே சொல்வது நல்லது என்ற முடிவுக்கு அவரே வந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை சொன்னார். மகள் இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள், சின்னம்மா என்று அதுவரை சொல்லி வந்த, மாலை போட்ட படத்தைச் சுவரிலிருந்து கழற்றிக் கொண்டுவந்து, "இவவுக்கு என்ன சாப்பாடு பிடிக்கும்? எப்பிடிக் கதைப்பா?" என்று கேட்டாளாம். தாய் விடியும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். இருபத்தெட்டு வருடங்களுக்குப் பிறகு அன்றுதான் தங்கைக்காக வாய்விட்டு அழுததாக என்னிடம் கூறினார்.

எல்லா வீட்டிலும் இப்படி நல்லபடியாக முடியும் என்று நான் சொல்லவில்லை. இரகசியத்தைச் சுமந்தவளுக்கும் ஆறுதல் தேவை என்பதையே நாம் மறந்துவிடுகிறோம். "இவ்வளவு நாளும் ஏன் மறைத்தாய்?" என்று பெண்ணைக் கேட்பவர்கள், "இவ்வளவு நாளும் எப்படித் தாங்கினாய்?" என்று கேட்பது அரிது.

எப்படி வாசிக்கலாம்?

எங்கள் வட்டங்களில் இப்போது இவ்வகை நாவல் ஒன்றை முடித்ததும் நான்கு கேள்விகளைக் கேட்கிறோம். நீங்களும் வீட்டிலோ அயலவரோடோ கேட்டுப் பார்க்கலாம்.

முதலாவது, இதில் கல்வெட்டிலோ செப்பேட்டிலோ நூலிலோ உள்ளது எது, ஆசிரியர் கற்பனை செய்தது எது? பொன்னியின் செல்வனில் குந்தவையும் வந்தியத்தேவனும் உண்மை மனிதர்கள். குந்தவை வல்லவரையர் வந்தியத்தேவரின் தேவி என்பதும் அவர் கொடுத்த கொடைகளும் தஞ்சைப் பெரிய கோயிலில் வெட்டப்பட்டிருக்கின்றன. நந்தினியும் மந்தாகினியும் பூங்குழலியும் கல்கியின் படைப்புக்கள்.

இரண்டாவது, அந்தச் சான்றை எழுதுவித்தவர் யார்? வென்றவரா, தோற்றவரா? நாம் ஒரே போரைச் சோழ மெய்க்கீர்த்தியிலும் சூளவம்சத்திலும் அடுத்தடுத்து வாசித்தபோது, இரு பக்கத்திலும் வீரமும் உண்டு, அழிவும் உண்டு என்று விளங்கியது. ஆயிரம் வருடத்துக்கு முந்திய அரசர்களின் பகையை இன்றைய அயல் வீட்டுக்காரர் மேல் ஏற்றாமலிருக்க இந்த வாசிப்பு உதவும்.

மூன்றாவது, இரகசியம் யாருக்கு நன்மை செய்தது, யாருக்குத் தீங்கு செய்தது?

நான்காவது, அது தெரிந்திருந்தும் பேச முடியாமல் போன பெண் யார்? அவள் பேசியிருந்தால் என்ன சொல்லியிருப்பாள்?

நான்காவது கேள்விக்கு எங்கள் பெண்கள் எழுத்திலேயே பதில் எழுதத் தொடங்கியிருக்கிறார்கள். சென்ற மாதம் ஒருவர் காசியப்பனை வளர்த்தவளின் வாய்மொழியாக இரண்டு பக்கம் எழுதி வந்து வாசித்தார். ஐந்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவர் அவர். எழுத்துப் பிழைகள் இருந்தன. கதையில் பிழை இருக்கவில்லை. அடுத்து வேங்கையின் மைந்தனை எடுத்திருக்கிறோம். அதற்கும் இதே நான்கு கேள்விகள்தான்.